ஃபெரி நட்டத்தில் ஓடினால்தான் என்ன?

ஆசிரியர் அவர்களுக்கு,

தீவுகளுக்கு ஓடும் ஃபெரியைப் பற்றிச் செய்தி வந்தாலே 'நட்டத்தில் ஓடுகிறது' என்ற வரியும் கூடவே வந்துவிடுகிறது. சாலை லாபத்தில் ஓடுகிறதா என்று யாராவது கேட்டதுண்டா?

கரையில் இருப்பவர்களுக்கு ஃபெரி என்றால் பயணிகள் ஞாபகம்தான் வரும். கேஸ் சிலிண்டர், சிமெண்ட், மாட்டுத் தீவனம், மருந்து, தபால், ஜெனரேட்டருக்கு டீசல், பழுது பார்க்க வரும் எலக்ட்ரீஷியன் எல்லாம் அதில்தான் வந்தாக வேண்டும். பிடித்த மீன் படகைத் தவறவிட்டால் மறுநாள் பாதி விலைதான். கடைசிப் படகு மாலை ஐந்துக்கே கிளம்பிவிட்டால், கரையில் வேலை பார்ப்பவர் தீவில் குடியிருக்க முடியாது. குடும்பத்தோடு கிளம்பிவிடுவார், பள்ளியில் பிள்ளைகள் குறைவார்கள், ஆசிரியர் இடமும் போகும், அப்புறம் 'கூட்டமே இல்லை' என்று சொல்லி இன்னொரு நடையையும் நிறுத்துவார்கள்.

கிரீஸில் லாபம் வராத சிறு தீவுத் தடங்களுக்குத் 'தரிசுத் தடம்' என்றே பெயர். அரசு மானியம் கொடுத்துக் குளிர்காலத்திலும் கப்பலை ஓட வைக்கிறது. பெயர் மோசம், வேலை நல்ல வேலை.

மானியம் கொடுத்தால் மட்டும் போதுமா என்றால், ஸ்காட்லாந்தைப் பாருங்கள். அதே தூரம் சாலையில் காரோட்டினால் என்ன செலவாகுமோ அதை ஒட்டிக் கட்டணம் வைக்கலாம் என்று 2008இல் மேற்குத் தீவுகளில் ஆரம்பித்தார்கள். அருமையான யோசனை. கட்டணம் இறங்கியதும் சுற்றுலா கார்கள் குவிந்து, சீசனில் தீவுக்காரர் காருக்கே இடம் கிடைக்காமல் போனது. சரி, புதுக் கப்பல் வருமே என்றால், 2015இல் ஆர்டர் கொடுத்து 2018இல் வரவேண்டிய 'க்ளென் சானக்ஸ்' 2025 ஜனவரியில்தான் பயணிகளை ஏற்றியது. அதுவரை பழைய கப்பல் ஒன்று படுத்துவிட்டால், இன்னொரு தீவின் கப்பலைப் பிடுங்கித்தான் ஓட்டினார்கள். மாற்றுக் கப்பல் கையில் இல்லாத மலிவுக் கட்டணம் இந்த லட்சணம்தான்.

பேட்டரி ஃபெரி பற்றி ஆளாளுக்கு எழுதுகிறார்கள். நார்வேயில் 'ஆம்பியர்' 2015 முதல் ஓடுகிறது, சந்தோஷம். தீவுக்காரர் கேட்பது நாளைக்குக் காலைப் படகு உண்டா என்றுதான்.

அடுத்த முறை ஃபெரியின் நட்டக் கணக்கைப் போடும்போது, அந்த ஆண்டு எத்தனை நடை ரத்தானது, இடமில்லாமல் எத்தனை தீவுக்காரர்கள் துறையிலேயே நின்றார்கள் என்பதையும் பக்கத்திலேயே போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்