கஹல்காவ் படகுக்காரர்களுக்கு

பீகாரில் கங்கை டால்பின்களை எண்ணும் களப்பணி முடிந்து ஊர் வந்து சேர்ந்தாயிற்று. பையைப் பிரிப்பதற்கு முன்னால் இதை எழுதிவிட வேண்டும், இல்லாவிட்டால் தள்ளிப் போய்விடும். அவர்களுக்குத் தமிழ் தெரியாது, ஃபோனில் இந்தியில் சொல்லிவிட்டேன். ஆனால் நாலு பேர் அறியச் சொல்ல வேண்டியது பாக்கி இருக்கிறது.

சுல்தான்கஞ்சிலிருந்து கஹல்காவ் வரை கங்கையில் சுமார் 60 கி.மீ., 1991-லிருந்து விக்ரமசீலா டால்பின் சரணாலயம். அங்கே எங்களை ஏற்றிக்கொண்டு போன மல்லா மீனவர்களுக்குத்தான் முதல் நன்றி. மூச்சுவிட டால்பின் மேலே வருவது ஓரிரு நொடி, நான் திரும்புவதற்குள் தண்ணீரில் வளையம்தான் மிஞ்சும். துடுப்புப் போடும் சாச்சா (சித்தப்பா முறை) பார்க்கவே மாட்டார், காதால் கேட்டு "பின்னால், குட்டியோடு" என்பார். அந்த மூச்சுச் சத்தத்தை வைத்துத்தான் அங்கே அதற்கு 'சோன்ஸ்' என்று பேர். (அவர் சொன்னதை முறைப்படி கணக்கில் சேர்க்கக் கூடாது. தனி நோட்டில் எழுதிக்கொண்டேன்.)

அப்புறம் அந்த ஃபோன். செவுள் வலையில் ஒரு டால்பின் மாட்டிச் செத்துவிட்டது என்று விடியற்காலையில் கூப்பிட்டீர்களே அண்ணா. வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள விலங்கு, வழக்கு என்று வந்தால் உங்கள் தலையில்தான் விடியும். சத்தமில்லாமல் ஆற்றோடு விட்டிருக்கலாம், இல்லை கொழுப்பை உருக்கி, மீன் பிடிக்க எண்ணெய் வேண்டும் என்கிறவர்களுக்கு விற்றிருக்கலாம். நீங்கள் கரையிலேயே உட்கார்ந்திருந்தீர்கள், வனத்துறைக்காரர்கள் வந்ததும் அளவு நாடாவின் மறுமுனையைப் பிடித்தீர்கள். அதன் கண்ணை அன்றைக்குத்தான் கிட்டத்தில் பார்த்தேன், குண்டூசி குத்தின ஓட்டை மாதிரி, அவ்வளவுதான். கலங்கல் தண்ணீரில் ஒலியை அனுப்பி எதிரொலியைக் கேட்டே இரை தேடும் பிராணி, மெல்லிய நைலான் நூல் மட்டும் அதற்குப் பிடிபடுவதில்லை. வலையை அறுக்க வேண்டியிருந்தது, நீங்களே அறுத்தீர்கள். அதற்கு எங்கேயும் ஈடு கிடைக்கவில்லை, நாங்கள் நீட்டியதையும் வாங்கவில்லை. எனக்கு இன்னமும் உறுத்துகிறது.

2025-ல் வெளியான கணக்கெடுப்பில் நாடு முழுக்க 6,327 ஆற்று டால்பின்கள். எங்கள் சின்ன அறிக்கையில் படகோட்டிகள் பெயரையும் போடலாமா என்று கேட்டோம். ஒருவர் மட்டும் வேண்டாம் என்றார், காரணமும் சொன்னார், நியாயமான காரணம்.

கடைசியாக, வறுகடலை மாவில் (அங்கே 'சத்து') வெங்காயமும் பச்சை மிளகாயும் பிசைந்து தினம் உருண்டை கட்டிக்கொடுத்த சாச்சிக்கு: காரம் ஒன்றுமில்லை என்று நான் சொன்னது சுத்தப் பொய். உங்கள் டப்பா என் பையில்தான் இருக்கிறது.