கரிநாள் என்று சொன்ன அண்ணனுக்கு

தமிழ்நாட்டு நாகூருக்கும் காரைக்கால் பக்கத்து வாஞ்சூருக்கும் நடுவே எல்லையில் நிற்கும் நம் ஓவிய மதில், சுண்ணாம்பு அடித்து அழிக்கப்படாமல் தப்பிவிட்டது. என்ன நடந்தது என்பது உங்களுக்கே தெரியும்; மறுபடி சொல்லி யாரையும் நோகடிக்கப் போவதில்லை.

வீடு வீடாகக் கையெழுத்து வாங்கியவர்கள், மதிலடியில் பாய் விரித்துக் காவல் படுத்த இளைஞர்கள், கணக்குப் பார்க்காமல் டீ கொடுத்த கடைக்காரர்கள், பெர்லின் சுவரின் ஓவியங்களைக் காக்க 2013-இல் அந்நகர மக்கள் தெருவில் இறங்கியதை அதிகாரிகளிடம் எடுத்துச் சொன்ன வரலாற்று ஆசிரியை என எல்லோருக்கும் நன்றி.

ஆனால் இந்த மடலை எழுத வைத்தவர் வேறொருவர். சுண்ணாம்பு அடிக்கக் கூலிக்கு வந்த அண்ணன். வாளியும் பிரஷுமாக விடிந்ததும் வந்துவிட்டார். ஏணியைச் சாத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார். நாகூர் தர்காவின் ஐந்து மினாராக்கள், அவற்றை ஒட்டிக் காரைக்கால் அம்மையாரின் மாங்கனி. வெகுநேரம் பார்த்தார். பிறகு எங்களிடம் டீ கேட்டு வாங்கிக் குடித்தார். ஒப்பந்தக்காரரைப் போனில் அழைத்து, “இன்றைக்குக் கரிநாள். சுவரில் கை வைக்க மாட்டேன்” என்றார். எதிர்முனையில் போட்ட சத்தம் எங்கள் காதுவரை கேட்டது. இவர் அசையவில்லை. ஏணியைத் தோளில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார். அன்று மாலைதான் தடை உத்தரவு வந்தது.

இரவு வீட்டில் நாள்காட்டியைப் பார்த்தேன். அன்று கரிநாளே இல்லை.

கூலியை விட்டுக்கொடுத்து ஒரு பொய் சொல்ல அவருக்கு என்ன கட்டாயம்? ஒன்று தோன்றுகிறது. 1954 வரை இது பிரெஞ்சுக்காரர்களின் எல்லை. அதன்பின் மலிவான மதுவும் பெட்ரோலும் தேடி வருகிறவர்களின் எல்லை. ஊர்ப்பெயரைச் சொன்னாலே எதிரில் இருப்பவர் முகத்தில் ஒரு நமட்டுச் சிரிப்பு ஓடும். பெண் பார்க்க வருகிறவர்களுக்குக்கூடச் சாராயக்கடையை அடையாளம் சொல்லித்தான் வழிகாட்டினோம். இப்போது ஆட்டோக்காரர்கள் “மாங்கனிச் சுவரா?” என்று கேட்கிறார்கள். இருட்டிய பிறகும் பெண்கள் அங்கே நின்று பஸ் ஏறுகிறார்கள். வண்ணம் உதிர்ந்தாலும் இவை சட்டென்று மாறிவிடாது என்றே நம்புகிறேன். அந்த அண்ணனும் எல்லைக்காரர்தானே.

பொங்கல் கழிந்ததும் மழையில் பெயர்ந்த இடங்களைத் தீட்டப் போகிறோம். ஆண்டுதோறும் செய்வோம். இந்த முறை வேலைக்குத் தலைமை அவர். விட்டுப்போன கூலியையும் சேர்த்து வாங்கிக்கொள்ள வேண்டும் என்பது எங்கள் நிபந்தனை. நாளையும் அவரே குறிக்கட்டும். இரு பக்கத்துப் பிள்ளைகளும் பழைய சட்டை போட்டு வாருங்கள்.