தொட்டி இன்று, மீன் அடுத்த மாதம்

அன்புள்ள வாடிக்கையாளர்களுக்கு, கொளத்தூரிலிருந்து வணக்கம்.

"தொட்டியை விற்றுவிட்டு மீன் தர மாட்டேன் என்றால் இது என்ன வியாபாரம்?" என்று சிலர் கோபித்துக்கொள்கிறீர்கள். நியாயம்தான். ஞாயிற்றுக்கிழமை குழந்தையோடு வந்து வெறும் கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு போக யாருக்குப் பிடிக்கும்? முன்பு நாங்களும் ஒரே நாளில் எல்லாவற்றையும் கட்டிக் கொடுத்தவர்கள்தான். பத்தாம் நாள் அதே குழந்தை, "அங்கிள், எல்லாம் செத்துப்போச்சு" என்று வந்து நிற்கும்.

மீனின் செவுள் வழியாக அம்மோனியா வெளியேறிக்கொண்டே இருக்கும். மிஞ்சிய தீனி அழுகினாலும் அதுதான். மீனுக்கு அது விஷம். அதை நைட்ரைட்டாகவும், பிறகு அவ்வளவு கெடுதல் இல்லாத நைட்ரேட்டாகவும் மாற்றும் பாக்டீரியாக்கள் மணலிலும் ஃபில்டர் ஸ்பாஞ்சிலும் குடியேற 4 முதல் 6 வாரம் ஆகும். புதுத் தண்ணீர் பளிங்குபோல இருப்பதைப் பார்த்து ஏமாந்துவிட வேண்டாம்.

செடி இருந்தால் பாதி வேலை குறையும். அம்மோனியாவை அதுவே உரமாக எடுத்துக்கொள்ளும். 2 அடித் தொட்டிக்கு (சுமார் 55 லிட்டர்) அடியில் 1 அங்குலம் சலித்த தோட்டத்து மண், உரமோ பூச்சிமருந்தோ படாதது. அதன்மேல் ஒன்றரை அங்குலம் கழுவிய மணல். மணல்மேல் ஒரு தட்டை வைத்து, தட்டின்மேல் மெதுவாகத் தண்ணீர் ஊற்றுங்கள். நேராக ஊற்றினால் மண் கலங்கி, தொட்டி முழுக்க டீத்தண்ணிதான். குழாய்த் தண்ணீர் என்றால் குளோரினை நீக்கும் ஆன்டி குளோரின் மருந்து அவசியம்.

வாலிஸ்நேரியா, வேலம்பாசி இரண்டு செடிகளையும் முதல் நாளே நெருக்கமாக நட வேண்டும். அனுபியாஸ், ஜாவா ஃபெர்ன் இவற்றின் தண்டுக்கிழங்கைப் புதைத்தால் அழுகிவிடும். நூலால் கல்லில் கட்டுங்கள். கிரிப்டோகோரின் நட்ட சில நாளில் இலையெல்லாம் கூழாகிக் கரையலாம். பதறிப்போய்ப் பிடுங்கிவிடாதீர்கள், வேர் உயிரோடுதான் இருக்கும், மறுபடி துளிர்க்கும். விளக்கு ஒரு நாளைக்கு 6 முதல் 8 மணி நேரம் போதும். கூடினால் கண்ணாடியெல்லாம் பச்சைப் பாசி.

மாதம் கழித்து ஒரு பாட்டிலில் தொட்டித் தண்ணீர் கொண்டு வாருங்கள், பரிசோதித்துச் சொல்கிறோம். அம்மோனியாவும் நைட்ரைட்டும் இல்லையென்றால் முதலில் 5 கப்பி மீன். ஒரு வாரம் பார்த்துவிட்டு மேலும் கொஞ்சம். போர் தண்ணீர் வீட்டுக்குக் கப்பி, மோலி, பிளாட்டி ஒத்துப்போகும். நியான் டெட்ரா மீனுக்கு மிருதுவான (உப்பு குறைந்த), சூடில்லாத தண்ணீர் வேண்டும். சென்னை மே மாதத்தில் அதை எங்களால் மனசார விற்க முடியவில்லை. ஹீட்டர் கேட்காதீர்கள். வெயில் காலத்தில் மூடியைத் திறந்து மேலே ஒரு டேபிள் ஃபேன், அவ்வளவுதான்.

அப்புறம் பராமரிப்பு. தீனி தினம் ஒரு வேளை, இரண்டு நிமிடத்தில் தின்று தீர்க்கிற அளவு. 15 நாளைக்கு ஒரு முறை கால் பங்கு தண்ணீர் மாற்றம். ஸ்பாஞ்சைக் குழாயடியில் தேய்க்காமல், எடுத்த பழைய தண்ணீரிலேயே பிழியுங்கள். குளோரின் பட்டால் பாக்டீரியாவும் போய்விடும்.

பாசி தின்னும் என்று சக்கர் மீன் கேட்பவர்களுக்கு: அது ஒரு அடிக்கு மேல் வளரும். ஏற்கெனவே வளர்த்து இடம் போதாமல் தவிப்பவர்கள் ஏரியில் விடாமல் கடைக்கே கொண்டு வாருங்கள், வாங்கிக்கொள்கிறோம். வெட்டிய செடிக் கொத்துகளையும்தான்.

இப்படிக்கு,
உங்கள் மீன் கடை