மும்பையில் எழுதும் மகளுக்கு

அன்புள்ள மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். உன் எபிசோடில் இருந்த சாதிக் கொலையைச் சொத்துத் தகராறாக மாற்றச் சொல்லிவிட்டார்கள் என்று போனில் அழுதாய். அப்போதே அமெரிக்க டிவி எழுத்தாளர் ராட் செர்லிங்கைப் பற்றிச் சொல்ல நினைத்தேன். போனில் சொல்லி முடியாது.

1924-ல் நியூயார்க் மாநிலத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் பாராசூட் படைவீரராக பிலிப்பைன்ஸில் சண்டையிட்டுக் காயப்பட்டவர். ஊர் திரும்பிப் படித்து, சின்சினாட்டியில் ரேடியோ நிலைய வேலை பார்த்துக்கொண்டே ராத்திரியில் நாடகம் எழுதினார். 1955 ஜனவரியில் அவர் எழுதிய 'பேட்டர்ன்ஸ்' என்ற நாடகம் டிவியில் நேரடி ஒளிபரப்பாகப் போனது. வயதான அதிகாரி ஒருவரை அவமானப்படுத்தியே விரட்டும் கம்பெனியின் கதை. நேரடி நாடகம் ஒருமுறை போனால் போனதுதான் என்றிருந்த காலத்தில், அடுத்த மாதமே அதை மறுபடி நடித்து ஒளிபரப்பினார்கள்.

அதே வருடம் தென் மாநிலமான மிசிசிப்பியில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவனை அடித்துக் கொன்றார்கள். கொன்றவர்களை ஜூரி விடுதலை செய்தது. செர்லிங் அதை நாடகமாக்கினார். தென் மாநிலங்களைப் பகைத்துக்கொள்ள விளம்பரதாரருக்குப் பயம். கதை வடக்கே நியூ இங்கிலாந்துக்கு நகர்ந்தது, செத்தவன் யாரோ வெளிநாட்டான் ஆனான். செட்டில் கோகோ கோலா பாட்டில்கூட வைக்க விடவில்லையாம், அது தெற்கை நினைவுபடுத்துமாம்! 1958-ல் விடாமல் மறுபடி எழுதினார். அதையும் 1870-களுக்குத் தள்ளி, செத்தவனை மெக்சிகன் இளைஞனாக்கினார்கள். உனக்கு நடந்ததுதானே இது?

அவர் எழுத்தை விடவில்லை. தானே தயாரிப்பிலும் இறங்கினார். குடும்பத்தோடு கோடைக்குப் போகும் ஏரியின் பெயரிலேயே 'கயுகா புரொடக்‌ஷன்ஸ்' தொடங்கி, 1959-லிருந்து 1964 வரை 'தி ட்விலைட் ஸோன்' என்ற விசித்திரக் கதைத் தொடரை டிவிக்கு எடுத்தார். மொத்தம் 156 எபிசோடுகள், அதில் 92 அவர் எழுதியவை. அரசியல்வாதி வாயால் சொல்ல முடியாததைச் செவ்வாய்க்கிரகவாசி வாயால் சொன்னால் யாரும் தடுக்க மாட்டார்கள் என்று கண்டுகொண்டார். ஒரு தெருவில் கரண்ட் போகிறது, அக்கம்பக்கத்தார் ஒருவரையொருவர் வேற்றுக்கிரகத்தான் என்று சந்தேகப்பட்டு அடித்துக்கொள்கிறார்கள். 1960-ல் வந்த அந்த எபிசோடை அவசியம் பார். சொல்ல வந்ததில் ஒரு துளி குறையவில்லை. நீயும் உன் கதைக்கு இப்படி ஒரு வேஷம் தேடு, ஆனால் கொலையைக் கொலையாகவே வை.

சினிமாவிலும் எழுதினார். 1968-ல் வந்த 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' திரைக்கதையில் அவருக்குப் பங்கு உண்டு. அமெரிக்க டிவிக்கான எம்மி விருது மட்டும் ஆறு.

அதற்கப்புறம் நடந்ததுதான் எனக்குத் தாங்கவில்லை. 'ட்விலைட் ஸோனில்' தன் பங்கைச் சேனலுக்கே விற்றுவிட்டார். 1970-ல் தொடங்கிய 'நைட் கேலரி' என்ற டிவி தொடரில் முகம் அவருடையது, முடிவெடுக்கும் அதிகாரம் வேறொருவருடையது. அவர் கொடுத்த கதைகளையே திருப்பி அனுப்பினார்கள். சிகரெட்டும் ஓயாத வேலையும் சேர்ந்து, 1975 ஜூனில் இதய அறுவை சிகிச்சைக்குப் பிறகு இறந்துபோனார். வயது 50.

அதனால் அந்தப் புது ஒப்பந்தத்தில் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதே அம்மா. உரிமை யாருக்கு என்று இருக்கும் பக்கத்தை முதலில் எனக்கு அனுப்பு. இங்கே தெரிந்த வக்கீல் ஒருவரிடம் காட்டிவிட்டுச் சொல்கிறேன். ராத்திரி இரண்டு மணி வரை விழித்திருக்கிறாய் என்று அம்மா கவலைப்படுகிறாள். நேரத்துக்குச் சாப்பிடு.

அன்புடன்,
அப்பா