செவியோலை

செம்பூர், மும்பை
ஆடி மாதம், விடாத மழை

அன்புள்ள சேது,

உன் கடிதம் வந்து பத்து நாள் ஆகிறது. நனைந்து வந்ததில் பாதி எழுத்து கரைந்துவிட்டது. பரணில் தாத்தாவின் சுவடிக்கட்டு கிடைத்த சேதி பிழைத்தது. உன் முழங்கால் வலியைப் பற்றிய பகுதி போய்விட்டது. அதை மறுபடி எழுது.

விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துத் தடவியதும் ஓலையில் எழுத்து எழும்பி வந்தது என்றாயே, அதைப் படித்ததிலிருந்து எனக்கு ஒரு கிறுக்கு யோசனை. எழுத்தாணி கீறும்போது பக்கத்தில் யார் என்ன பேசினாலும் அதுவும் ஓலைக்குள் இறங்கிவிட வேண்டும். பிறகு விளக்குச் சூட்டில் காட்டினால் ஓலை அதைத் திரும்பப் பேசும். பெயர்கூட வைத்துவிட்டேன், செவியோலை. ஊரில் நன்றாக வேலை செய்யும். இந்த ஊர் மழைக்குத்தான் தாங்காது. நமுத்த அப்பளம் மாதிரி ஆகிக் கார்த்திகை வரை முணுமுணுத்துக்கொண்டே கிடக்கும்.

சிரிக்காதே. முக்கால்வாசி இது நடந்த கதை. பிரான்சில் ஸ்காட் என்று ஒரு அச்சுக்காரர். நம் ஜாதி, அதாவது சுருக்கெழுத்து ஜாதி. அதன் வரலாற்றை 1849-லேயே புத்தகமாகப் போட்டவர். மனுஷன் கையே படாமல் பேச்சு தானாகத் தாளில் விழ வேண்டும் என்பது அவர் ஆசை. 1857-ல் ஒரு கருவி செய்தார். தாளில் விளக்குக் கரி படிய வைத்து உருளையில் சுற்றினார். பேச்சின் அதிர்வில் ஒரு முள் துடித்து, கரியில் நெளிநெளியாகக் கோடு போட்டது. உன் சுவடியில் இருக்கும் அதே கரி, அதே கீறல்! ஆனால் அதைத் திரும்பக் கேட்கலாம் என்று அவர் நினைக்கவே இல்லை. கண்ணால் படிக்கத்தான் செய்தார். இருபது வருஷம் கழித்து எடிசன் வெள்ளீயத் தகட்டில் கீறித் திரும்பவும் பேச வைத்தார். ஸ்காட் 1860-ல் பதிந்த ஒரு நாட்டுப்பாட்டை 2008-ல்தான் அமெரிக்காவில் கணினியை வைத்து ஒலிக்க வைத்தார்கள். முதலில் ஏதோ பெண் பாடுகிறாள் என்று நினைத்தார்கள். அப்புறம்தான் வேகம் தப்பு என்று தெரிந்தது. பாதி வேகத்தில் ஓட்டினால் ஒரு ஆண் நிதானமாகப் பாடுகிறார், அநேகமாக ஸ்காட்டேதான்.

கோட்டைப் பக்கத்து ஆபீசில் முப்பத்துநாலு வருஷம் பிட்மன் முறைச் சுருக்கெழுத்து எழுதியவனுக்கு இது எப்படி இருக்கும், யோசி. பிட்மனும் காதில் விழும் ஒலியைத்தான் எழுதச் சொல்கிறது, எழுத்துக்கூட்டலை அல்ல. ஒரே கோடு, மெலிதாக இழுத்தால் ஒரு ‘ப’, அழுத்தினால் இன்னொரு ‘ப’. பல், அம்பு இரண்டுக்கும் ஒரே எழுத்து வைத்துப் பழகிய நம் கைக்கு அந்த அழுத்தம் வர ஆறு மாதம் பிடித்தது.

ஆனால் ஒலியை எழுதினேனே தவிர, தட்டச்சில் அதை வைத்ததில்லை. “அந்த முட்டாளுக்குக் காசு கிடையாதுன்னு எழுதுய்யா” என்பார் அதிகாரி. “தங்கள் கோரிக்கையை ஏற்க இயலாமைக்கு வருந்துகிறோம்” என்று போகும் கடிதம். அவருடைய இருமல், திட்டு, நடுவில் வீட்டுக்குப் போட்ட போன் எல்லாவற்றையும் விட்டுவிடுவதுதான் என் சம்பளம். செவியோலை வந்திருந்தால் முதல் நாளே என் வேலை போயிருக்கும்.

சரி, இதையெல்லாம் ஏன் உனக்கு எழுதுகிறேன்? நான் இங்கே செய்ததைத்தானே நீ அங்கே செய்தாய். அம்மாவுக்கு எழுத வராது. திண்ணையில் உட்கார்ந்து அவள் சொல்லச் சொல்ல எனக்கு வந்த கார்டெல்லாம் உன் கையெழுத்து. போன வாரம் பெட்டியில் ஈரம் ஏறிவிட்டதென்று எடுத்து மின்விசிறிக்கு அடியில் பரப்பினேன். 1974 மே மாதத்துக் கார்டு ஒன்று. ரயில் வேலைநிறுத்தம் நடந்தது ஞாபகம் இருக்கிறதா? வண்டி ஓடவில்லை, தங்கச்சி நிச்சயத்துக்கு வர முடியாது என்று தந்தி கொடுத்தேனே, அதற்குப் பதில். “நீ வராததில் எங்களுக்கு மனவருத்தம் ஏதும் இல்லை” என்று இருக்கிறது.

மனவருத்தம்! அம்மா வாயில் அந்த வார்த்தை வந்ததே கிடையாது, சேது. ஐம்பது வருஷமாக அதை அவள் சொன்னதாகவே நம்பியிருக்கிறேன், நானே இந்தத் தொழில் செய்துகொண்டு. ‘இல்லை’க்குப் பக்கத்தில் ஒரு மைப்பொட்டு வேறு. பேனாவை அங்கே கொஞ்ச நேரம் ஊன்றியிருக்கிறாய்.

அன்றைக்கு என்ன சொன்னாள்? கோபம் வந்தால் என்னைத் ‘துரை’ என்பாளே, அது வந்ததா? திட்டியிருந்தால் திட்டினபடியே எழுது. கரையாத மையில் எழுது.

உன்
வைத்தி