தனாகாவின் இன்னொரு பாதி

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஜப்பானிய சினிமா குறித்த தங்கள் கட்டுரையில் நடிகை கினுயோ தனாகாவின் பெயர் இயக்குநர் மிசோகுச்சியின் நாயகி என்ற அளவில் ஒரே வரியில் இடம்பெற்றது வருத்தமளிக்கிறது. 1924இல் ஊமைப்படக் காலத்தில் சிறுமியாக நடிக்கவந்து, 1931இல் ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும் படத்திலும் நடித்து, சுமார் ஐம்பது ஆண்டுகள் திரையில் நிலைத்தவர் அவர். ‘ஓஹாருவின் வாழ்க்கை’ (1952) படத்தில், கோயிலில் வரிசையாக நிற்கும் துறவியர் சிலைகளுள் ஒன்றில் தன் பழைய காதலனின் முகத்தைக் கண்டு, தலையில் போர்த்திய துணியை மெல்ல விலக்கி அவர் புன்னகைக்கும் காட்சி ஒன்றே அவருடைய ஆற்றலுக்குப் போதிய சான்று. 1974இல் வெளிவந்த, போர்னியோ தீவிலுள்ள சண்டகான் நகரம் பற்றிய படத்தில், இளமையில் பாலியல் தொழிலுக்கு விற்கப்பட்ட மூதாட்டியாக நடித்ததற்காக, மறு ஆண்டு பெர்லின் விழாவில் சிறந்த நடிகை விருது பெற்றார்.

கட்டுரை அறவே விட்டுவிட்டது அவருடைய இயக்குநர் பணியை. பெண்கள் படம் இயக்குவது மிக அரிதாயிருந்த அக்காலத்தில், மிசோகுச்சியே எதிர்த்தும் பின்வாங்காமல், 1953 முதல் 1962 வரை ஆறு படங்களை இயக்கினார். அவற்றுள் 1955இல் வந்த ஒரு படம், மார்பகப் புற்றுநோயால் இறந்த பெண் கவிஞரின் வாழ்வையும் ஆசையையும் எவ்விதப் பூச்சும் இன்றிச் சொல்கிறது. ஒரு நடிகையின் பொழுதுபோக்கு முயற்சியென்று எவரும் அதை ஒதுக்க முடியாது. அந்த ஆறு படங்களுக்கென்றே தனிக் கட்டுரை ஒன்றைத் தாங்கள் வெளியிட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்