உயில் வழக்கு நடத்தும் வழக்கறிஞர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய வழக்கறிஞர்களுக்கு,

வணக்கம். உயில் வழக்கில் தோற்ற கட்சிக்காரரிடம் உங்களில் பலர் உடனே சொல்வது, "கவலைப்படாதீங்க, மேலே பார்த்துக்கலாம்." கேட்பவரோ, மேல் நீதிமன்றத்தில் சாட்சிகளை மறுபடி கூப்பிடுவார்கள், விட்டுப்போன ஆவணத்தை அங்கே தாக்கல் செய்யலாம், தம்பி சொன்ன பொய் அங்கே வெளிப்படும் என்று நம்பிக்கொண்டு வீட்டுக்குப் போகிறார். சாதாரணமாக இவற்றில் எதுவும் நடப்பதில்லை என்பது உங்களுக்குத் தெரியும், அவருக்குத் தெரியாது.

முதல் மேல்முறையீடு பரவாயில்லை. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 96-ஆம் பிரிவு தரும் உரிமை அது. சாட்சியத்தையும் அங்கே மறுபடி எடைபோடலாம். ஆனால் எடைபோடுவது பதிவான வாக்குமூலத்தைத்தான். சாட்சி தடுமாறியதை நேரில் பார்த்தவர் விசாரணை நீதிபதி. புதிய ஆவணத்துக்கு அதே சட்டத்தின் கட்டளை 41, விதி 27 இடம் தருகிறது. அதற்கும், முன்பு ஏன் தாக்கல் செய்யவில்லை என்று கேட்டால் உருப்படியான பதில் வேண்டும்.

இரண்டாம் மேல்முறையீட்டில்தான் பலர் ஏமாந்து போகிறார்கள். 1976 திருத்தத்துக்குப் பிறகு, முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால்தான் 100-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம் வழக்கையே ஏற்கும். அப்பா கையெழுத்துப் போடும்போது சுயநினைவோடு இருந்தாரா, அண்ணன் மிரட்டினாரா என்பதெல்லாம் பெரும்பாலும் சங்கதி சார்ந்த, அதாவது என்ன நடந்தது என்ற, கேள்விகள். கீழே உள்ள இரண்டு நீதிமன்றங்களும் ஒரே முடிவுக்கு வந்துவிட்டால், சாட்சியத்தையே பார்க்காமல் விட்டது போன்ற பெரிய கோளாறு இருந்தாலொழிய அதை அசைப்பது மிகக் கடினம்.

ஆகவே உயில் வழக்கின் உயிர் விசாரணை நீதிமன்றத்தில்தான் இருக்கிறது. பத்திரப்பதிவு ஆகியிருந்தால் போதும் என்று இன்னும் நம்புகிறார்கள், பாவம். சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவரில் ஒருவராவது உயிரோடும், சாட்சி சொல்லும் நிலையிலும் இருந்தால், அவரைக் கூண்டில் ஏற்றியே ஆகவேண்டும். உயிலை முன்வைப்பவர்தான் சந்தேகங்களைப் போக்க வேண்டும் என்று 1958-இலேயே வெங்கடாசல ஐயங்கார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அந்தச் சந்தேகங்களை எதிர்த்தரப்பு எழுப்ப வேண்டிய இடம் குறுக்கு விசாரணை. அங்கே கேட்காமல் விட்ட கேள்வியை மேலே யாரும் கேட்டுத் தரமாட்டார்கள். இளையவரை அனுப்பி வாய்தா வாங்கும் பழக்கத்தை உயில் வழக்கிலாவது விட்டுவிடுங்கள்.

மேல்முறையீடு செய்யக் கெடுவும் உண்டு. மாவட்ட நீதிமன்றத்துக்கு 30 நாள், உயர் நீதிமன்றத்துக்கு 90 நாள். நகல் வாங்க ஆகும் காலம் இதில் சேராது. தாமதத்தை மன்னிக்கக் கேட்கலாம்தான், மன்னிப்பது நீதிமன்றத்தின் விருப்பம். அப்புறம், மேல்முறையீடு செய்ததாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. தடையுத்தரவு தனியாக வாங்க வேண்டும். சமரசத் தீர்ப்பென்றால் 96(3)-இன்படி மேல்முறையீடே கிடையாது; சமரச மனுவில் கையெழுத்து வாங்கும் முன் இதைச் சொல்கிறீர்களா?

என் வேண்டுகோள் ஒன்றுதான். வக்காலத்தில் கையெழுத்து வாங்கும் அன்றே, எந்த நீதிமன்றம் எதைப் பார்க்கும், எதைப் பார்க்காது என்று அரைப் பக்கத்தில் தமிழில் எழுதிக் கொடுங்கள். தீர்ப்பு வந்தபின், சட்டக் கேள்வி ஏதும் தென்படவில்லை என்றால், இரண்டாம் மேல்முறையீட்டுக்குக் கட்டணம் வாங்கும் முன் அதையும் எழுத்திலேயே சொல்லுங்கள். அதற்குப் பிறகும் போகலாம் என்று கட்சிக்காரர் சொன்னால், சரி, அது அவர் முடிவு.

இப்படிக்கு,
உயில் வழக்கு ஒன்றில் பிரதிவாதி